வழக்கும் விலையும்

கொள்ளிடத்துக்கு வடபால், வீராணம் ஏரியின் அருகே, காட்டுமன்னார்கோயில் என்னும் பழம்பதி இருக்கிறது. முதற் பராந்தக சோழன் காலத்தில் வீரநாராயணச் சதுர்வேதிமங்கலம் என்று பெயர் பெற்ற ஊர் இது. நாதமுனிகளும் ஆளவந்தாரும் தோன்றிய ஊர் என்பதால் வைணவ உலகம் இதனை அறியும். 'பொன்னியின் செல்வன்' என்னும் புதினம் வீராணம் ஏரிக்கரையில் தொடங்குவதால் இளைஞர் உலகமும் இதனை அறியும். ஆனால் சட்டம் பயில விரும்பும் மாணவர் எவரும் இவ்வூரை அறிந்திருக்க வேண்டும் என்று நான் கூறுவதற்குக் காரணம் வேறு. இவ்வூரின் ஒரு பகுதியாகிய உடையார்குடியில் அனந்தீசுவரர் திருக்கோயில் உள்ளது. அக்கோயிலின் கற்சுவரிலே ஒரு கொலை வழக்கின் செய்தி ஆயிரம் ஆண்டுகளாக நின்று கொண்டிருக்கிறது.

கொலையுண்டவன் சோழ இளவரசன் ஆதித்த கரிகாலன். முதலாம் இராசராசனுக்குத் தமையன். இராசராசன் 985ஆம் ஆண்டு அரியணை ஏறினான். அவனுடைய இரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது என்று அறிஞர்கள் கொள்ளும் இக்கல்வெட்டு, ஊர்ச் சபையாருக்கு அனுப்பப்பட்ட அரசாணை ஒன்றைக் குறிப்பிடுகிறது. இளவரசனைக் கொன்று துரோகிகளான சோமன், இரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரின் உடைமைகளும், அவர்களைச் சேர்ந்த உறவினரின் உடைமைகளும் பறிக்கப்பட்டு விற்கப்பட வேண்டும் என்பதே அந்த ஆணை. இரவிதாசனும் பரமேசுவரனும் அரசுப் பட்டங்களைத் தாங்கியவர்கள். எளிய வழிப்பறிக்காரர் அல்லர். செல்வமும் செல்வாக்கும் உடையவர்கள்.

கொலை நடந்தது சுமார் 970ஆம் ஆண்டளவில். உடையார்குடிக் கல்வெட்டு அதற்குப் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் பிற்பட்டது. இடையே நாட்டை ஆண்டவன் உத்தம சோழன். இவ்வளவு காலம் நடவடிக்கை ஏன் தாமதமாயிற்று என்னும் வினா வரலாற்றாசிரியரிடையே பெரும் வாதத்தை எழுப்பியது. கல்வெட்டை ஆராய்ந்த நீலகண்ட சாஸ்திரியார் உத்தம சோழன்மீது ஐயுற்றார். சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய சதாசிவ பண்டாரத்தார் அதனை ஏற்கவில்லை. அவ்வாதத்துக்குள் நாம் இன்று நுழைய வேண்டுவதில்லை. நமக்கு வேண்டியது ஒன்றே. கொலை என்பது கொன்றவன் வீட்டுக்கும் இறந்தவன் வீட்டுக்கும் இடைப்பட்ட கணக்கு அன்று. ஊரறியக் கல்லிலே பொறிக்கத்தக்க பொதுச் செய்தி என்று அக்காலத்தவர் எண்ணினர். குற்றவாளியின் உறவினரையும் சேர்த்து ஒறுத்ததை இன்றைய அறம் ஏற்காது. ஒருவன் செய்த பிழைக்கு அவன் தாயும் மாமனும் நிலம் இழப்பது நீதியாகாது. ஆயினும், பேசி முடித்து மறைக்காமல் சுவரில் எழுதி வைத்தார்களே, அந்த ஒரு நெறியை நாம் கருத்தில் இருத்துவோம்.

சோழர் காலத்தில் கொலைக்கெல்லாம் இவ்வாறே நடவடிக்கை இருந்ததா என்று கேட்டால், இல்லை என்பதே விடை. வேட்டைக்குச் சென்றவன் விட்ட அம்பு குறிதவறி மனிதன்மேல் பாய்வதுண்டு; கைகலப்பில் எண்ணாமல் உயிர் போய்விடுவதுண்டு. இத்தகைய வழக்குகளில், கொன்றவனைக் கொல்லாமல், இறந்தவன் பெயரால் கோயிலில் நந்தா விளக்கு எரிக்குமாறு பணித்த செய்திகள் பல கல்வெட்டுகளில் காணப்படுகின்றன. ஒரு விளக்குக்குத் தொண்ணூற்றாறு ஆடுகளை வைப்பது பெருவழக்கு. ஈன்று பெருகிக் குறையாமல் நிற்பவை என்பதால் அவற்றைச் சாவா மூவாப் பேராடு என்று அழைத்தனர்.

இதையும் உடன்பாடு என்று சிலர் கூறக்கூடும். கூர்ந்து நோக்கின் இரண்டு வேறுபாடுகள் புலப்படும். முதலாவது, கொல்லும் எண்ணம் இல்லை என்பதைப் பலர் கூடி ஆராய்ந்து முடிவு செய்த பின்னரே விளக்கு விதிக்கப்பட்டது. இரண்டாவது, அந்த முடிவு கோயிற் சுவரில் எல்லாரும் படிக்குமாறு எழுதப்பட்டது. இருட்டறையில் இருவர் கைமாற்றிக்கொண்ட பணம் அன்று அது. அறிந்து செய்த குற்றம் வேறு, அறியாது நேர்ந்த தவறு வேறு என்னும் தெளிவு அன்றே நம்மவரிடம் இருந்தது.

நம் இலக்கியமும் இதைப் பற்றி ஆழ்ந்து சிந்தித்திருக்கிறது. இரண்டு கதைகளை மாணவர் அனைவரும் அறிவர். ஒன்று கோவலன் கதை. பொற்கொல்லன் ஒருவன் பழி சுமத்தினான், மன்னன் ஆராயாமல் ஆணையிட்டான், காவலர் வெட்டினர். கோவலனுக்குத் தன் பக்கத்தை எடுத்துரைக்க ஒரு நாழிகையும் கிடைக்கவில்லை. மற்றொன்று பெரியபுராணத்தின் திருவாரூர்ச் சிறப்பில் வரும் மனுநீதிச் சோழன் கதை. இளவரசனின் தேர்க்காலில் கன்று மாண்டது. சாத்திரம் கூறும் கழுவாயைச் செய்தால் போதும் என்று அமைச்சர்கள் வழி சொன்னார்கள். மன்னன் அதற்கு இசையவில்லை. வேறொருவன் செய்திருந்தால் ஒரு தண்டனை, என் மகன் செய்தால் ஒரு கழுவாயா என்பதே அவன் உள்ளத்தை வருத்திய வினா.

இக்கதைகள் நீதிக்கு நேரக்கூடிய இரு கேடுகளைக் காட்டுகின்றன. விசாரணைக்கு முன்பே குற்றமற்றவன் துன்புறுவது ஒரு கேடு. குற்றம் செய்தவன் செல்வத்தாலோ செல்வாக்காலோ தப்பிவிடுவது மற்றொரு கேடு. முன்ஜாமீன் என்னும் ஏற்பாடு முதற் கேட்டைத் தடுக்க எழுந்தது. கொடிய குற்றங்களில் தனிப்பட்ட சமரசம் செல்லாது என்னும் விதி இரண்டாம் கேட்டைத் தடுக்க எழுந்தது. இவ்விரண்டும் எவ்வாறு பிறந்தன, இக்காலத்தில் எவ்வாறு ஒன்றோடொன்று மோதுகின்றன என்பதே இப்பேச்சின் பொருள்.

முதலில் சமரசத்தைப் பார்ப்போம். கிழக்கிந்தியக் கம்பெனியார் நாட்டைப் பிடித்தபோது வங்காளத்தில் குற்றவியல் வழக்குகளுக்கு இசுலாமியச் சட்டமே வழங்கி வந்தது. அதன்படி கொலையுண்டவனின் வாரிசுகள் கொன்றவனை மன்னிக்கலாம். ஈட்டுத்தொகை பெற்றுக்கொண்டு விட்டுவிடலாம். மன்னிக்கும் உரிமை குடும்பத்தின் கையில் இருந்தது. மிகப் பழைய இங்கிலாந்திலும் செருமானிய இனத்தாரிடையிலும் உயிருக்கு இன்ன விலை என்று பட்டியலிட்ட வழக்கம் இருந்ததே. ஆகவே இதனை ஒரு சமயத்தாருக்கு மட்டும் உரியதாக எண்ண வேண்டா. 1790ஆம் ஆண்டில் கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ் பிரபு, வாரிசுகளின் விருப்பம் கொலைத் தண்டனையைத் தடுக்காது என்று விதி வகுத்தார். பணம் படைத்தவன் ஏழையின் குடும்பத்தை அச்சுறுத்தியோ ஆசை காட்டியோ மன்னிப்பு வாங்கிவிடக் கூடாது என்பது இத்தகைய விதிக்கு அடிப்படையான நியாயம்.

1801ஆம் ஆண்டு கர்நாடக நவாபின் ஆட்சி கம்பெனியார் கைக்கு மாறியது. காட்டுமன்னார்கோயில், சிதம்பரம், கடலூர் ஆகியவை அடங்கிய தென்னாற்காடும் அவர்கள் ஆட்சிக்குட்பட்டது. மறு ஆண்டே சென்னை மாகாணத்தில் புதிய ஒழுங்குமுறைச் சட்டங்கள் பிறந்தன. ஃபௌஜ்தாரி அதாலத்து என்னும் உயர்ந்த குற்றவியல் நீதிமன்றம் அமைந்தது. பின்னர் 1860இல் இயற்றப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டம் 1862ஆம் ஆண்டின் தொடக்க நாள் முதல் நடைமுறைக்கு வந்தது. அச்சட்டத்தின் 213, 214ஆம் பிரிவுகளை மாணவர் பலர் படித்திருக்க மாட்டார்கள். குற்றவாளியைத் தண்டனையிலிருந்து காப்பாற்றுவதற்காகப் பொருள் வாங்குவதும் குற்றம், கொடுப்பதும் குற்றம் என்பது அவற்றின் கருத்து. 2024ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலும் இவ்விதிகள் 250, 251 என்னும் எண்களில் தொடர்கின்றன.

1872ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டம் இன்னும் தெளிவாகப் பேசுகிறது. கொள்ளை வழக்கைக் கைவிடுவதாக ஒருவன் வாக்களிக்கிறான். பறித்த பொருளின் மதிப்பைத் திருப்பித் தருவதாக மற்றவன் வாக்களிக்கிறான். இந்த ஒப்பந்தம் செல்லாது என்று சட்டமே எடுத்துக்காட்டுத் தருகிறது. முத்திரைத்தாளில் எழுதினாலும், ஊர்ப் பெரியவர் பத்துப்பேர் கையெழுத்திட்டாலும், அது வெறுந்தாளே.

அப்படியானால் சமரசம் என்பதே தவறா? அன்று. சிறு காயம், அவதூறு, அத்துமீறி வீட்டில் நுழைதல் போன்ற குற்றங்களைச் சம்பந்தப்பட்டவர்களே ராஜி செய்துகொள்ளலாம். வேறு சிலவற்றை நீதிமன்றத்தின் அனுமதியோடு முடித்துக்கொள்ளலாம். எவை எவை என்னும் பட்டியல் சட்டத்திலேயே இருக்கிறது. இப்போது அது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவு. வரப்புச் சண்டையில் அறைந்துகொண்ட இரு பங்காளிகள் மறுநாள் சேர்ந்து தேநீர் பருகுவது ஊருக்கு நல்லதே. அதை எந்தச் சட்டமும் தடுக்கவில்லை. கொலை, கற்பழிப்பு, கொள்ளை ஆகியவை அப்பட்டியலில் இல்லை. 2012ஆம் ஆண்டு கியான் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த எல்லையை வரையறுத்தது. பணத் தகராறு, குடும்பப் பிணக்கு போன்று தனிப்பட்ட தன்மை மிக்க வழக்குகளை, இரு தரப்பாரும் இணங்கினால், உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் முடித்து வைக்கலாம். கொடிய குற்றங்களை அவ்வாறு முடிக்கலாகாது. அவை சமுதாயத்துக்கு எதிரானவை என்பதே காரணம்.

இனி முன்ஜாமீனுக்கு வருவோம். 1898ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இப்படி ஓர் ஏற்பாடு வெளிப்படையாக இல்லை. கைதான பின்னரே ஜாமீன் கேட்கலாம் என்பதே பொதுநிலை. விடுதலைக்குப் பின் இந்தியச் சட்ட ஆணையம் 1969ஆம் ஆண்டு அளித்த 41ஆம் அறிக்கையில் இக்குறையை எடுத்துக்காட்டியது. செல்வாக்குள்ளவர்கள் தம் பகைவரைப் பொய் வழக்கில் சிக்கவைத்துச் சில நாளேனும் சிறையில் இருத்தி இழிவுபடுத்த முயல்கிறார்கள். அரசியற் போட்டி வளர வளர இது பெருகுகிறது என்று ஆணையம் கருதியது. அதன் பரிந்துரைப்படி 1973ஆம் ஆண்டின் சட்டத்தில் 438ஆம் பிரிவு இடம்பெற்றது. 1974ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. இன்று அது புதிய சட்டத்தின் 482ஆம் பிரிவு. பழைய சட்டத்தில் 482 என்பது உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தைக் குறித்த எண். பழைய தீர்ப்புகளைப் படிக்கும் மாணவர் இவ்விரண்டையும் குழப்பிக்கொள்ளலாகாது.

முன்ஜாமீன் என்றால் வழக்கிலிருந்து விடுதலை என்று பலர் எண்ணுகிறார்கள். அது தவறு. 'இவரைக் கைது செய்ய நேர்ந்தால் ஜாமீனில் விடுக' என்று முன்கூட்டியே இடும் கட்டளையே அது. புலன் விசாரணை நடக்கும்; வழக்கும் நடக்கும். இதனைக் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் கேட்க இயலாது. செஷன்ஸ் நீதிமன்றத்தையோ உயர் நீதிமன்றத்தையோ நாட வேண்டும். 1980ஆம் ஆண்டு குருபக்ஷ் சிங் சிப்பியா வழக்கில், தலைமை நீதிபதி சந்திரசூட் உள்ளிட்ட ஐந்து நீதிபதிகள் இப்பிரிவைக் குறுக்கிப் பொருள் கொள்ளலாகாது என்றனர். மனிதனின் தன்னுரிமையைக் காக்கும் விதி இது என்றனர். 2020ஆம் ஆண்டு மற்றோர் ஐவர் அமர்வு, முன்ஜாமீனுக்குக் காலவரையறை விதித்தே ஆக வேண்டும் என்பதில்லை. விசாரணை முடியும் வரையிலும் அது நீடிக்கலாம் என்று தெளிவாக்கியது.

எனினும் எல்லா வழக்கிலும் இது கிடைப்பதன்று. பட்டியல் சாதியினர், பழங்குடியினர் மீதான வன்கொடுமைகளைத் தடுக்கும் 1989ஆம் ஆண்டுச் சட்டத்தின் 18ஆம் பிரிவு, அத்தகைய வழக்குகளில் முன்ஜாமீனுக்கு இடமில்லை என்கிறது. புகாரே அச்சட்டத்தின்படி குற்றமாகத் தோன்றாவிடில் மட்டும் நீதிமன்றம் தலையிடலாம். பதினாறு வயதுக்குட்பட்ட சிறுமியரைக் கெடுத்த வழக்குகளிலும் 2018ஆம் ஆண்டு முதல் முன்ஜாமீன் தடுக்கப்பட்டுள்ளது. கைது செய்யப்படாத எதிரி ஊரிலேயே உலவினால் புகார் கொடுத்தவரும் சாட்சிகளும் அஞ்சிப் பின்வாங்குவர். இத்தகைய தடைகளுக்கு அதுவே பெருங்காரணம்.

முன்ஜாமீன் பெற்றவர்மீது நீதிமன்றம் நிபந்தனைகளை விதிக்கலாம். விசாரணைக்கு அழைத்தபோது வரவேண்டும். அனுமதியின்றி நாட்டை விட்டுச் செல்லலாகாது. இவற்றோடு மற்றொன்றும் சட்டத்தில் எழுதப்பட்டிருக்கிறது. வழக்கின் செய்திகளை அறிந்த எவரையும் ஆசை காட்டியோ, அச்சுறுத்தியோ, வாக்குறுதி தந்தோ உண்மையை வெளியிடாமல் தடுக்கலாகாது. இந்த நிபந்தனையை ஒரு முறைக்கு இருமுறை எண்ணிப் பாருங்கள். முன்ஜாமீன் பெற்ற ஒருவர் பாதிக்கப்பட்டவர் வீட்டுக்குத் தூதனுப்பி, இவ்வளவு தருகிறேன், சாட்சி சொல்லாதே என்று பேசுவாராயின், எந்தக் கேடயத்தின் கீழ் நிற்கிறாரோ அந்தக் கேடயத்தையே அவர் உடைக்கிறார். முன்ஜாமீன் குற்றமற்றவனுக்கு அளிக்கப்பட்ட காவல். பேரம் பேசுவதற்கு அளிக்கப்பட்ட அவகாசம் அன்று. இதுவே நான் இன்று கூற விரும்பும் கருத்து.

உண்மையில் ஊர்களில் நடப்பதென்ன? நான் தலைமையாசிரியனாக இருந்த சிற்றூர் ஒன்றில் நடந்த செய்தியைக் கூறுகிறேன். ஒன்பதாம் வகுப்பு மாணவன் ஒருவனின் தந்தை கூலி வேலை செய்பவர். நிலத் தகராறு ஒன்றில் அவரை அரிவாளால் வெட்டிவிட்டார்கள். உயிர் பிழைத்தார், வலக்கை பிழைக்கவில்லை. வெட்டியவர் வசதியுள்ளவர், முன்ஜாமீன் பெற்று ஊருக்குத் திரும்பினார். சில நாளில் பெரியவர் நால்வர் பள்ளிக்கு வந்தனர். ஒரு தொகை தருவதாக முடிவாகியிருக்கிறது. எழுதும் தாளில் தலைமையாசிரியரும் சாட்சிக் கையெழுத்திட்டால் நன்றாக இருக்கும் என்றனர். நான் மறுத்தேன். அந்தத் தந்தையை அழைத்து, இத்தாளால் வழக்கு முடியாது, கையெழுத்திட வேண்டாம் என்று விளக்கினேன். அவர் என்னைக் கேட்ட கேள்வி இது: "கோர்ட்டுக்கு எத்தனை நாள் கூலியை விட்டுட்டுப் போவேன், ஐயா? நீங்க சொல்ற நீதி வர்ற வரைக்கும் எம்புள்ளைங்க என்ன சாப்பிடும்?"

அந்தத் தாள் எழுதப்பட்டது; கையெழுத்துக்கு வேறொருவர் கிடைத்தார். நீதிமன்றத்தில் சாட்சிகள் ஒன்றும் பார்க்கவில்லை என்றார்கள். தொகை ஓராண்டுக்குள் கரைந்தது. பையன் படிப்பை நிறுத்திக் கூலிக்குப் போனான். அவனுடைய பெயரை வருகைப் பதிவேட்டிலிருந்து நானே என் கையால் அடித்தேன். வெட்டுப்பட்டவரைக் கோழை என்று கூற எனக்கு உரிமையில்லை. பசி அவரைக் கையெழுத்திட வைத்தது. அத்தகைய ஒப்பந்தத்தைச் சமாதானம் என்று அழைப்பது மொழிக்குச் செய்யும் கொடுமை.

நம் மாவட்டத்திலிருந்து எழுந்த வழக்கொன்று நாடு முழுவதும் இவ்வினாவை எழுப்பியது. சிறுமியாக இருந்தபோது வன்கொடுமைக்கு ஆளாகி ஒரு குழந்தைக்கும் தாயான ஒரு பெண்ணின் வழக்கில், கடலூர் மகளிர் நீதிமன்றம் எதிரிக்கு ஏழாண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. மேல்முறையீட்டின்போது, 2015ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில், சென்னை உயர் நீதிமன்றத்தின் நீதிபதி ஒருவர் இரு தரப்பாரும் சமரச மையத்தில் பேசித் தீர்க்குமாறு அனுப்பி, அதற்கென எதிரிக்கு ஜாமீனும் அளித்தார். அந்தப் பெண் பேச்சுவார்த்தைக்கு உடன்படவில்லை என்பதை வெளிப்படையாகவே கூறினார். அடுத்த மாதத்தின் முதல் நாள், மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்த மற்றொரு வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இக்குற்றத்தில் எந்நிலையிலும் சமரசம் என்னும் எண்ணத்துக்கே இடமில்லை. எதிரி அப்பெண்ணை மணந்துகொள்ள முன்வந்தாலும், அது நயமாகத் தரும் நெருக்குதலே ஆகலாம் என்று நீதிமன்றம் எச்சரித்தது. சில நாட்களில் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஆணையும் திரும்பப் பெறப்பட்டது. ஏழைப் பெண் ஒருத்தி 'உடன்படேன்' என்று கூறிய சொல்லை நான் பெரிதும் மதிக்கிறேன். சட்டப் புத்தகத்தைப் படித்தவள் அல்லள். தன் துன்பத்துக்கு விலையில்லை என்பதை அறிந்தவள்.

பணம் கட்டினால் முன்ஜாமீன் என்னும் வழக்கமும் உச்ச நீதிமன்றத்தின் கண்டனத்துக்கு ஆளாகியிருக்கிறது. மோசடிப் புகார்களில், வாங்கிய தொகையைச் செலுத்துவதாக எதிரி கூற, அதையே நிபந்தனையாக்கிச் சில நீதிமன்றங்கள் முன்ஜாமீன் வழங்கி வந்தன. 2023ஆம் ஆண்டு ஜூலை மாதம் டெல்லி வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் இதனை ஏற்கவில்லை. ஜாமீன் நீதிமன்றம் கடன் வசூல் செய்யும் இடமன்று. ஏமாற்றியதாகக் கூறப்படும் பணத்தைக் கட்டினால் விடுதலை கிடைக்கும் என்னும் எண்ணம் மக்களிடையே பரவிவிடும் என்று சுட்டிக்காட்டியது. இந்த நியாயம் இருபுறமும் கூர்மையுடையது. பணம் உள்ள குற்றவாளி எளிதில் தப்புவான். பணம் இல்லாத நிரபராதி சிறை புகுவான். கோவலனுக்கு நேர்ந்த கேடும் மனுநீதிச் சோழன் அஞ்சிய கேடும் ஒரே இடத்தில் கூடிவிடும்.

ஆசிரியனாக வாழ்ந்த எனக்கு மற்றொரு தீர்ப்பு நெஞ்சைத் தொடுவது. இராசத்தான் மாநிலத்தில் பள்ளி ஆசிரியர் ஒருவர் சிறுமியிடம் தகாத முறையில் நடந்ததாகப் புகார் எழுந்தது. சிறுமியின் தந்தை சமரசம் செய்துகொண்டார் என்று கூறி உயர் நீதிமன்றம் வழக்கையே நீக்கியது. வழக்கில் நேரடித் தொடர்பில்லாத ஊர்க்காரர் உச்ச நீதிமன்றம் சென்றனர். 2024ஆம் ஆண்டு நவம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை நீக்கி, வழக்கு நடக்க வேண்டும் என்றது. தந்தைக்கும் ஆசிரியருக்கும் இடைப்பட்ட விவகாரமன்று இது. பள்ளி செல்லும் ஒவ்வொரு குழந்தையின் பாதுகாப்பும் இதில் அடங்கியிருக்கிறது. 2012ஆம் ஆண்டின் குழந்தைகள் பாதுகாப்புச் சட்டத்தின்படி, இத்தகைய குற்றத்தை அறிந்தும் தெரிவிக்காமல் இருப்பதே தண்டனைக்குரியது. தமக்குக் கீழ்ப் பணிபுரிபவரின் குற்றத்தை மறைக்கும் நிறுவனத் தலைவருக்கு ஓராண்டு வரை சிறை உண்டு. பள்ளியின் நற்பெயர் கருதி மூடி மறைத்தோம் என்று எந்தத் தலைமையாசிரியரும் கூற இயலாது.

என்னிடம் அந்தத் தந்தை கேட்ட கேள்விக்கு விடை வேண்டாவா என்று மாணவர்கள் கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அறத்தை மட்டும் எடுத்துரைத்துவிட்டு ஏழையின் அடுப்பைப் பற்றிப் பேசாமல் இருந்தால் அது அரைகுறை அறமே. சட்டம் இதற்கும் வழி செய்யத் தொடங்கியிருக்கிறது. குற்றத்தால் பாதிக்கப்பட்டவர்களுக்கு அரசே இழப்பீடு வழங்கும் திட்டம் 2009ஆம் ஆண்டுத் திருத்தத்தின் வழியாக வந்தது. இப்போது அது புதிய நடைமுறைச் சட்டத்தின் 396ஆம் பிரிவு. இந்த இழப்பீட்டைப் பெறப் புகாரைத் திரும்பப் பெற வேண்டுவதில்லை. எதிரியிடம் கைநீட்ட வேண்டுவதுமில்லை. மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவிடம் விண்ணப்பிக்கலாம். பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோருக்கு 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி இலவசச் சட்ட உதவியும் உண்டு. 2022ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம், ஜாமீன் விசாரணையில் பாதிக்கப்பட்டவரும் தம் கருத்தைக் கூற உரிமையுடையவர் என்று நிலைநாட்டியது. இவ்வளவும் ஏட்டில் இருக்கின்றன. கூலிக்காரர் ஒருவரின் வாசலுக்கு இவற்றை யார் கொண்டு சேர்ப்பது? கற்றவரே சேர்க்க வேண்டும். உங்கள் தெருவில் எழுதப் படிக்கத் தெரியாத ஒருவர் கையில் ஒரு தாளைக் கொடுத்துக் கையெழுத்துக் கேட்டால், அதில் எழுதியிருப்பதை அவருக்குப் படித்துச் சொல்லும் கடமை உங்களுடையது.

மன்னிப்பு உயர்ந்த குணம். தனக்குத் தீங்கு செய்தவனை ஒருவர் உள்ளத்தால் மன்னிக்கலாம். அதைத் தடுக்க எவராலும் இயலாது. ஆனால் அந்த மன்னிப்பு அச்சத்தாலோ பசியாலோ விளைந்ததாக இருக்கலாகாது. அது சாட்சியின் வாயை அடைக்கும் பூட்டாகவும் இருக்கலாகாது. அவ்வாறே, குற்றம் சாட்டப்பட்டவரெல்லாம் குற்றவாளிகளும் அல்லர். பொய்ப் புகாரால் சிறைக்கு அஞ்சி நிற்கும் ஒருவருக்கு முன்ஜாமீன் வழங்கும் நீதிபதி, கோவலனைக் காக்கும் செயலையே செய்கிறார். அவரை நாம் தூற்றலாகாது. இவ்விரண்டையும் ஒருசேர நினைவில் வைப்பது எளிதன்று; எனினும் கல்வியின் பயன் அதுவே.

சிதம்பரம் பக்கம் செல்லும் மாணவர்கள் சிறிது தூரம் கூடுதலாகப் பயணம் செய்து உடையார்குடிக் கோயிலையும் கண்டு வாருங்கள். வீராணத்தின் காற்று வீசும் அச்சுவரின் முன் நின்று, எழுத்துகளை விரலால் தேய்க்காமல் கண்ணால் மட்டும் தடவிப் பாருங்கள். பட்டமும் பதவியும் உடைய மூவர் பெயர் அங்கே இருக்கிறது. எத்தனை பொன் கொடுத்தாலும் அழிக்க முடியாதபடி இருக்கிறது.